எட்டாமிடத்துக் கல்

நிலக்கரிச் சுரங்கத்து நகரியத்தில், பள்ளிக்கூடம் ஒன்றில் ஏழாம் வகுப்புக்கு அறிவியல் எடுத்தவள் விஜயகுமாரி. கோள்கள் பாடம் வருகிற அன்று புத்தகத்தைத் தொடமாட்டாள். மஞ்சள் பை ஒன்றைத் தூக்கிக்கொண்டு வகுப்புக்குள் நுழைவாள். பையிலிருந்து முதலில் ஒரு சாத்துக்குடி வரும். அது பூமி. பிறகு இன்னொரு சாத்துக்குடி, ஒரு சுற்று சிறுத்தது. அது வெள்ளி. அடுத்தது நல்ல எலுமிச்சம்பழமாக ஒன்று, செவ்வாய். கடைசியாகப் பைக்குள் கையை விட்டுத் துழாவி ஒரு நெல்லிக்காயை எடுத்து வைப்பாள். புதன் அவ்வளவுதான். பாடம் முடிந்தால் நாலும் பிள்ளைகளுக்கு என்பதால் அன்றைக்கு வகுப்பில் ஒருவரும் தூங்குவதில்லை.

"கல்லும் இரும்புமா இறுகினது இந்த நாலுதான். வியாழன், சனியெல்லாம் உருவத்துலதான் பெருசு, போய் நின்னா கால் ஊனத் தரை கிடையாது" என்று ஆரம்பிப்பாள். வெள்ளி பூமிக்குக் கூடப்பிறந்தது மாதிரி இருக்கும், ஆனால் மேலே போர்த்தியிருக்கிற காற்று சூட்டை வெளியே விடாது, அங்கே ஈயத்தை வைத்தால் உருகி ஓடும். புதனுக்குக் காற்று என்று சொல்லிக்கொள்ள ஒன்றுமே இல்லை, பகலில் வறுபடும், இரவில் விறைக்கும். செவ்வாயில் ஒரு நாள் ஏறக்குறைய நம்முடைய நாள்தான்; ஆனால் காற்று நம்முடையதில் நூற்றில் ஒரு பங்குகூடத் தேறாது, மழை இல்லை, மண் முழுக்க இரும்புத் துரு. எலுமிச்சம்பழத்தைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு அவள் கடைசியாக ஒன்று சொல்வாள். "பூமியோட எடையில பத்துல ஒரு பங்குதான் இது. இதப் பாத்துப் பயப்படறதுக்கு ஒண்ணுமே இல்ல." அந்தப் பிள்ளைகளில் ஒன்றும் செவ்வாயைப் பார்த்துப் பயந்ததில்லை. டீச்சர் ஏன் அதை மட்டும் அவ்வளவு அழுத்திச் சொல்கிறாள் என்று அவர்களுக்கு எப்படித் தெரியும்?

விஷயம் இதுதான். விஜயகுமாரியின் ஜாதகத்தில் அதே செவ்வாய் எட்டாமிடத்தில் உட்கார்ந்திருந்தது. எட்டில் செவ்வாய் இருக்கிற பெண்ணைக் கட்டினால் கட்டியவன் நிலைக்கமாட்டான் என்று சொல்லாத ஜோசியர் இல்லை. வருகிற வரனெல்லாம் கட்டத்தைப் பார்த்ததும் காப்பியைப் பாதியில் வைத்துவிட்டு எழுந்து போனார்கள். அவள் அம்மா பேச்சியம்மாள் கோவில்பட்டிப் பக்கத்துக்காரி. செவ்வாய்க்கிழமை தவறாமல் பட்டினி கிடந்து, துவரம்பருப்பும் சிவப்புத் துணியும் தானம் கொடுத்துக் கொடுத்து அலுத்துப்போனாள். அப்பா சங்கரலிங்கம் அனல்மின் நிலையத்தில் எலக்ட்ரீசியன். மோட்டார் ரிப்பேர் என்றால் எதற்கும் அசராத மனிதர், மகள் கல்யாணப் பேச்சு வந்தால் குவார்ட்டர்ஸ் வாசலில் போய் நின்றுகொண்டு வேலியைப் பார்ப்பார். வகுப்பில் அவ்வளவு பேசுகிற விஜயகுமாரி வீட்டில் அந்தப் பேச்சு வந்தால் வாயைத் திறக்கமாட்டாள். "அது வெறும் கல்லும்மா" என்று ஒரு தடவை சொல்லிப் பார்த்தாள். "கல்லுன்னாலும் ஒந்தலையிலல்லா விழுந்திருக்கு" என்றாள் அம்மா.

எழுபத்தாறில் அமெரிக்காக்காரன் அனுப்பிய கலம் செவ்வாயில் இறங்கிப் படம் பிடித்து அனுப்பியது. பேப்பரில் வந்த படத்தை வெட்டி அட்டையில் ஒட்டி, அறிவியல் கண்காட்சிக்கு ஒரு செவ்வாய் செய்வதென்று விஜயகுமாரி தீர்மானித்தாள். பெரிய தகரத் தட்டில் சிவப்பு மண்ணைப் பரப்பி, கல்லையெல்லாம் இறைத்து வைக்க வேண்டும். மண்ணுக்கு அப்பாவிடம் சொன்னாள். அப்பா தனக்குத் தெரிந்த பையனிடம் சொன்னார். அந்தப் பையன்தான் கொளஞ்சிநாதன். பையன் என்றால் இருபத்தெட்டு வயது. மந்தாரக்குப்பத்தில் வீடு, மைன்ஸில் பெர்மனென்ட் வேலை. நிலக்கரியைத் தொடுவதற்கு முன்னால் மேலே கிடக்கிற மண்ணையெல்லாம் வெட்டி பெல்ட்டில் அனுப்புகிறார்கள் அல்லவா, அந்த மண்ணை வாங்கி மலை மலையாகக் கொட்டுகிற மெஷினில் அவனுக்கு வேலை.

மூட்டையை சைக்கிள் கேரியரிலிருந்து இறக்கிப் பள்ளிக்கூட வராந்தாவில் போட்டவன், சுவரில் சாய்த்து வைத்திருந்த அட்டையைப் பார்த்தான்.

"எங்க மண்மேடுங்களே இது. யாருங்க படம் புடிச்சது?"

"இது செவ்வாய்க்கிரகம்" என்றாள் விஜயகுமாரி.

கொளஞ்சிநாதன் குனிந்து மறுபடி பார்த்தான். கரடும் முரடுமாகக் கற்கள், நடுவில் மணல் திட்டு, அந்தாண்டை மேடு. நம்புவதா வேண்டாமா என்று முகத்தில் தெரிந்தது.

"மண்ணு என்னா கலருங்க?"

"சிவப்பு."

"அப்ப நான் டெய்லி செவ்வாயிலதாங்க ஷிப்ட் பாக்குறேன். ஒரு அலவன்ஸும் கெடையாது."

விஜயகுமாரிக்குச் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது. செவ்வாய் என்ற சொல்லைக் கேட்டு அவள் அதற்கு முன்னால் சிரித்ததே இல்லை.

கண்காட்சி நடந்த நாளெல்லாம் ஷிப்ட் முடிந்ததும் நேராக வந்து அவளுடைய மேஜைக்குப் பக்கத்தில் நின்றுகொண்டான். வருகிறவர்களுக்குப் பாதி விளக்கம் அவன்தான் கொடுத்தான். கூட்டம் குறைந்தால் அவளிடம் கேள்வி. இந்த மூட்டை அங்கே எவ்வளவு கனம் இருக்கும்? இங்கே இருப்பதில் மூன்றில் ஒரு பங்கைவிடக் கொஞ்சம் கூட. அட, அப்படியானால் அங்கேயே டிரான்ஸ்பர் கேட்கலாமே. அங்கே தண்ணீர் உண்டா? முன்னே எப்போதோ ஓடிய தடம் இருக்கிறது, இப்போது இல்லை. "இங்க நாங்க ராவும் பகலும் பம்பு போட்டுத் தண்ணிய எறைச்சிகினு கெடக்குறோம். அங்கன்னா மைன்ஸ் வெட்டறது சுளுவுங்க" என்பான். கேள்வி தீர்ந்துபோன பிறகும் வந்துகொண்டிருந்தான். ஞாயிற்றுக்கிழமை நூலகத்து சைக்கிள் ஸ்டாண்டில் இரண்டு சைக்கிளும் பக்கத்தில் பக்கத்தில் நிற்க ஆரம்பித்ததைக் குவார்ட்டர்ஸ் பிளாக்கில் பார்க்காதவர்கள் கிடையாது. ஆனாலும் அவன் கடைசிவரை அவளை 'டீச்சர்' என்றுதான் கூப்பிட்டான்.

ஜாதக விஷயத்தை அவளே ஒருநாள் சொல்லிவிட்டாள். பிறகு தெரிந்து எழுந்து போவதைவிட இப்போதே போகட்டும் என்று நினைத்தாள். அவன் பொறுமையாகக் கேட்டான்.

"எட்டு மணி நேரம் அது மேலயே நின்னுகினு வேல பாக்குறவன் நான். அது எட்டாமெடத்துல குந்திகினு இருந்தா எனக்கு இன்னாங்க டீச்சர்?"

அன்றைக்கு வீட்டுக்கு வந்து கதவைச் சாத்திக்கொண்டு அழுதாள் விஜயகுமாரி. சந்தோஷத்தில்தான். இத்தனை வருஷம் கழுத்தில் கட்டித் தொங்கவிட்டிருந்ததை ஒருவன் வேடிக்கையாக ஒரு கையால் எடுத்து ஓரமாக வைத்துவிட்டானே. இவனைத் தவிர வேறொருவன் தனக்கு வேண்டாம் என்று அன்றே முடிவு செய்துவிட்டாள்.

ஆனால் அவனுக்கு ஒரு அம்மா இருந்தாள். அமிர்தம். நிலத்தை மைன்ஸுக்குக் கொடுத்துவிட்டு மந்தாரக்குப்பம் வந்த குடும்பம். புருஷன் போனபோது அவளுக்கு வயது இருபத்துநாலு. இடுப்பில் ஒரே பிள்ளை. பெண் வீட்டார் ஊர் வேறு, பேச்சு வேறு, பழக்கவழக்கம் வேறு என்பதையெல்லாம் அவள் விழுங்கிக்கொண்டாள். செவ்வாயை மட்டும் அவளால் விழுங்க முடியவில்லை. மகனும் லேசுப்பட்டவன் இல்லை. வேறு பெண் பார்க்கப் போகலாம் என்று கூப்பிட்டால் இரண்டாவது ஷிப்ட் போட்டுக்கொண்டு போய்விடுவான். இப்படியே இரண்டு வருஷத்துக்கு மேல் இழுத்தது. கடைசியில் தாய்தான் இறங்கி வந்தாள். ஒருநாள் மத்தியானம் யாரிடமும் சொல்லாமல் பள்ளிக்கூடத்துக்கு வந்து, சாப்பாட்டு மணி அடிக்கிறவரை வேப்பமரத்தடியில் காத்திருந்தாள்.

சண்டைக்குத்தான் வந்திருக்கிறாள் என்று விஜயகுமாரி நினைத்தாள். அப்படி இல்லை. அமிர்தம் முந்தானையில் முகத்தைத் துடைத்துக்கொண்டு மெதுவாகப் பேசினாள்.

"நீ படிச்ச புள்ள. அது வெறும் கல்லுன்னு புள்ளைங்களுக்குச் சொல்லிக் குடுக்குறியாமே. எம்மவன் சொன்னான். எனக்கு அதெல்லாம் தெரியாது கண்ணு. ஒண்ணே ஒண்ணு சொல்லு. உன்னக் கட்டிக்கினா எம்புள்ளைக்கு ஒண்ணும் ஆவாதுன்னு சொல்லு. ஓம்வாயால சொன்னாப் போதும். நானே முன்ன நின்னு தாலி எடுத்துக் குடுக்குறேன்."

செவ்வாயால் ஒன்றும் ஆகாது. அதைக் கேட்டிருந்தால் நூறு தடவை சொல்லியிருப்பாள். எலுமிச்சம்பழத்தைக் கையில் வைத்துக்கொண்டு ஊரைக் கூட்டிச் சொல்லியிருப்பாள். ஆனால் அந்தத் தாய் கேட்டது அதை இல்லை. பிள்ளைக்கு ஒன்றும் ஆகாது என்று சொல்லச் சொன்னாள். ஒரு மனுஷனுக்கு ஒன்றும் ஆகாது என்று யாரால் சொல்ல முடியும்? எந்தப் புத்தகத்தில் அது இருக்கிறது? விஜயகுமாரி வாயைத் திறந்தாள், மூடினாள். தெரியாததைத் தெரிந்ததாகச் சொல்லிப் பழகாத வாய் அது. பாழாய்ப்போன அந்த நேர்மையைத் தூக்கிக் குப்பையில் போட்டுவிட்டு "ஆகாதும்மா" என்று ஒரு சொல் சொல்லியிருந்தால் கதையே வேறு. சொல்லவில்லையே அவள். அமிர்தம் அவள் முகத்தைப் பார்த்தாள். பிறகு, "உனக்கும் பயம் இருக்குது" என்று சொல்லிவிட்டு எழுந்து போனாள்.

அந்தச் சொல்தான் விஜயகுமாரியைப் பிடித்துக்கொண்டது. அதுவரைக்கும் இல்லாத பயம், இருக்கிறது என்று ஒருத்தி சொன்னதும் நிஜமாகவே வந்து உட்கார்ந்துவிட்டது. மழைக்காலத்தில் மண்மேட்டில் சேறு எப்படி வழுக்கும் என்று அவனே சொல்லியிருந்தான். அதெல்லாம் இப்போது ஒவ்வொன்றாக ஞாபகம் வந்தது. பாடத்தில் சொன்னதெல்லாம் சரிதான், சந்தேகமே இல்லை. ஆனால் ஒருவேளை, ஒருவேளை என்று மனசு அடித்துக்கொண்டது. எலுமிச்சம்பழத்தை வைத்துப் பந்தயம் கட்டச் சொன்னால் கட்டுவாள். அவன் உயிரை வைத்து எப்படிப் பந்தயம் கட்டுவது?

அடுத்த ஞாயிறு சைக்கிள் ஸ்டாண்டில் அவனிடம் வேண்டாம் என்று சொல்லிவிட்டாள்.

"டீச்சர், நீங்கதான பாடம் நடத்துனீங்க?"

"பாடம் வேற."

"அம்மா எதுனா சொல்லிட்டாங்களா? நான் பேசிக்கிறேங்க."

"அவங்க ஒண்ணும் சொல்லல. எனக்குத்தான் பயமா இருக்கு. கல்யாணம் ஆயிட்டா, நீங்க ஷிப்டுக்குப் போய்த் திரும்பற வரைக்கும் தினம் தினம் நான் செத்துப் பொழைக்கணும். என்னால முடியாது."

அவன் சைக்கிள் பெல்லை விரலால் தடவினான்.

"பயந்துகினாவுது கூட இருங்களேன்" என்றான்.

அவள் இல்லை என்று தலையாட்டிவிட்டு சைக்கிளை எடுத்துக்கொண்டு போய்விட்டாள். திரும்பிப் பார்த்தால் மனசு மாறிவிடும் என்று பார்க்கவும் இல்லை. நன்றாகப் படித்த பெண்தான். கெட்டிக்காரிதான். இப்படியும் ஒரு பைத்தியக்காரத்தனத்தைச் செய்வாளா என்று கேட்டால், செய்தாள்.

கொளஞ்சிநாதனுக்கு சேத்தியாத்தோப்புப் பக்கத்தில் பெண் எடுத்தார்கள். பெயர் நாகம்மாள். சுத்த ஜாதகம். பத்துக்கு ஒன்பது பொருத்தம் என்று அமிர்தம் தெருவெல்லாம் சொல்லிக்கொண்டு போனாள். விஜயகுமாரி கல்யாணத்துக்குப் போனாள். பரிசாக ஒரு எவர்சில்வர் குடத்தைக் கொடுத்து, பந்தியில் உட்கார்ந்து பாயசம்வரை சாப்பிட்டுவிட்டு வந்தாள். "ஏட்டி, எப்படிட்டி போயி சாப்பிட்டே?" என்று அம்மா கேட்டாள். அந்த வருஷம் கோள்கள் பாடத்தில் எலுமிச்சம்பழத்தைத் தூக்கிக் காட்டியவள், எடையைச் சொன்னதோடு நிறுத்திக்கொண்டாள்.

அதற்குப் பிறகு அவளுக்கு வரன் பார்ப்பதையே விட்டுவிட்டார்கள். அவளும் அதைப் பற்றிக் கவலைப்படவில்லை. அவளுக்கு ரகசியமாக ஒரு ஆறுதல் இருந்தது. பள்ளிக்கூடம் விடுகிற நேரத்துக்கு ஷிப்ட் முடிந்து கொளஞ்சிநாதன் அந்த ரோட்டில் போவான். முதலில் சைக்கிளில், பிறகு புது மொபெட்டில். ஒரு தலையசைப்பு, அவ்வளவுதான். அவன் முழுசாகப் போவதைப் பார்க்கும்போதெல்லாம், 'இருக்கிறான், நான் விலகியதால் இருக்கிறான்' என்று நினைத்துக்கொள்வாள். தன் சம்பாத்தியத்திலேயே பெரிய சம்பாத்தியம் இதுதான் என்பது போல அவளுக்கு உள்ளுக்குள் ஒரு பெருமைகூட இருந்தது. செவ்வாயை நம்பாதே என்று பிள்ளைகளுக்குச் சொன்னவள் அந்த ஊரிலேயே அதை அதிகமாக நம்புகிறவளாக ஆகிப்போயிருந்தாள். அது அவளுக்கே தெரியவில்லை.

எண்பத்துநாலு ஐப்பசியில் ஒரு சாயங்காலம். மாமனார் வீட்டுக்குப் போயிருந்த கொளஞ்சிநாதன் மொபெட்டில் திரும்பி வந்துகொண்டிருந்தான். நல்ல மழை. டயர் வெடித்து ரோட்டோரம் நின்றிருந்த லாரி ஒன்று, பின்னால் விளக்கு இல்லை. மோதிய இடத்திலேயே போய்விட்டான். அவள் பயந்த மண்மேடு அவனை ஒன்றும் செய்யவில்லை. சேறு ஒன்றும் செய்யவில்லை. விஜயகுமாரிக்கு மறுநாள் காலை ஆசிரியர் அறையில்தான் தெரிந்தது. யாரோ சாதாரணமாகச் சொன்னார்கள். அவள் லீவுகூடச் சொல்லாமல் சைக்கிளை எடுத்தாள்.

மந்தாரக்குப்பத்தில் அவன் வீட்டு வாசலில் தென்னங்கீற்றுப் பந்தல் ஒழுகிக்கொண்டிருந்தது. உள்ளே நாகம்மாளைச் சுற்றிப் பெண்கள் கட்டிப்பிடித்து அழுதுகொண்டிருந்தார்கள். அந்தப் பெண் அழக்கூட இல்லாமல், மடியில் இருந்த பெண் குழந்தையின் சட்டைப் பொத்தானைப் போட்டுவிட்டு, கழற்றி, மறுபடி போட்டுக்கொண்டிருந்தாள். வருகிறவர்கள் ஒவ்வொருவரும் முறை சொல்லி அழுதார்கள். மாமா என்றார்கள், அண்ணே என்றார்கள், மச்சான் என்றார்கள். விஜயகுமாரி என்ன சொல்லி அழுவாள்? வாசற்படியில் ஓரமாக நின்றாள். நாகம்மாளின் சொந்தக்காரி ஒருத்தி பக்கத்தில் வந்து, "நீங்க அவருக்கு இன்னா ஒறவுங்க?" என்று கேட்டாள். தெரிந்தவர் என்று மட்டும் சொன்னாள். அந்தம்மா சரி என்று நகர்ந்து கொஞ்சம் இடம் விட்டாள்.

"ஜாதகம் பாத்துதான கட்டுனாங்க" என்று உள்ளே ஒரு குரல். "சுத்த ஜாதகம்மா அது" என்று இன்னொரு குரல். அதைக் கேட்டதும்தான் விஜயகுமாரிக்கு உறைத்தது. நாகம்மாளின் கட்டத்தில் தோஷம் ஒன்றும் இல்லை; இருந்தும் அவன் போய்விட்டான். அப்படியானால் தன் கட்டத்தில் இருந்ததும் வெறும் கல்தான். இவ்வளவு நாளும் வகுப்பில் சொன்னது முழுக்க முழுக்க நிஜம். அதற்கு இதைவிடப் பெரிய அத்தாட்சி வேண்டுமா? அத்தாட்சி அங்கே வெள்ளைத் துணி போர்த்திப் படுத்திருந்தது. அவள் சுவரைப் பிடித்துக்கொண்டாள்.

அமிர்தம் அவளைப் பார்த்துவிட்டாள். கூட்டத்தை விலக்கிக்கொண்டு எழுந்து வந்தாள். ஊரே பார்க்க என்ன சொல்லித் திட்டப்போகிறாளோ என்றிருந்தது. திட்டினால் தேவலை என்றும் இருந்தது. அமிர்தம் அவள் கையைப் பிடித்துப் பந்தலுக்கு வெளியே, மாட்டுக்கொட்டகைப் பக்கமாக இழுத்துக்கொண்டு போனாள்.

"அன்னிக்கி பள்ளிக்கூடத்துக்கு வந்து கேட்டன் இல்ல உன்ன?"

"ஆமாம்மா."

"ஒண்ணும் ஆவாதுன்னு சொல்லுன்னன். ஒரே ஒரு வார்த்த."

"எனக்குத் தெரியாதேம்மா. தெரியாம எப்படிச் சொல்றது?"

"ஆருக்குத் தெரியும்? எனக்குத் தெரியுமா? பத்துல ஒம்போதுன்னானே, அந்தப் பாவிக்குத் தெரிஞ்சிச்சா?" அமிர்தம் கையை விடவில்லை. "பொய்யாவுது சொல்லியிருக்கக் கூடாதா கண்ணு? போறவன் எப்பிடியும் போயிருப்பான். இருந்த மட்டுமாவுது உங்கூட இருந்துருப்பான். இவ நல்ல பொண்ணுதான், நான் ஒரு கொற சொல்லமாட்டேன். ஆனா இத்தினி வருசத்துல எம்புள்ள வாய்விட்டுச் சிரிச்சி நான் பாக்கல."

விஜயகுமாரி அந்த ஈர மண்ணிலேயே உட்கார்ந்துவிட்டாள். தான் விலகியதால் அவனுக்கு ஆயுள் கொடுத்துவிட்டதாக அல்லவா நினைத்துக்கொண்டிருந்தாள். அவனிடமிருந்து எடுத்ததுதான் மிச்சம், கொடுத்தது எதுவுமில்லை. வாயில் முந்தானையைத் திணித்துக்கொண்டு அழுதாள். முன்வாசலில் தப்பு அடிக்க ஆரம்பித்தார்கள், தூக்குகிற நேரம் ஆகிவிட்டது என்று யாரோ அமிர்தத்தைக் கூப்பிட்டார்கள். போவதற்கு முன் அவள் குனிந்து விஜயகுமாரியின் தலையில் கையை வைத்து, "அழுவு. இங்க உன்ன ஆரும் ஒண்ணும் கேக்கமாட்டாங்க" என்றாள்.